ரிவாக்: முற்றத்தைச் சுற்றி ஓடும் வளைவுத் தாழ்வாரங்கள் – இப்னு துலூன் முதல் ஹரம் வரை

திண்ணைக்காரன்:

இந்தக் குழுவில் பள்ளிவாசல் கட்டடக்கலை பற்றி எந்த இழை தொடங்கினாலும் பேச்சு குவிமாடத்துக்கும் மினாராவுக்கும் போய்விடுகிறது. முற்றத்தைச் சுற்றி ஓடுகிற வளைவுத் தாழ்வாரத்தை, அதாவது ரிவாக்கை, யாரும் கண்டுகொள்வதில்லை. எனக்கு இதில் பெரிய ஆதங்கம் உண்டு. இஸ்லாத்தின் முதல் மூன்று நான்கு நூற்றாண்டுகளின் பெரிய பள்ளிவாசல்களை எடுத்துக்கொண்டால் ரிவாக்தான் கட்டடமே. தொழுகைக் கூடம் என்று நாம் தனியாகச் சொல்வதும் கிப்லா (தொழும்போது நோக்கும் மக்கா திசை) பக்கத்து ரிவாக்கை இன்னும் சில வரிசைகள் உள்ளே தள்ளிக் கட்டியதுதான்.

கெய்ரோவின் இப்னு துலூன் பள்ளிவாசலை வைத்துத் தொடங்குகிறேன். 876ல் ஆரம்பித்து 879ல் முடித்தார்கள். முற்றம் சதுரம், ஒரு பக்கம் ஏறக்குறைய 92 மீட்டர். மூன்று பக்கம் தாழ்வாரம் இரண்டு வரிசை ஆழம், கிப்லா பக்கம் மட்டும் ஐந்து வரிசை. உள்ளே போனதும் முதலில் கண்ணில் படுவது, அங்கே பளிங்குத் தூண் வரிசை இல்லை என்பதுதான். செங்கல்லில் கட்டிய கனத்த செவ்வகத் தூண்கள், அவற்றின் நான்கு மூலையிலும் அதே செங்கல்லில் ஒட்டிச் செய்த சின்ன உருளைத் தூண்கள், எல்லாவற்றுக்கும் மேல் சுதைப் பூச்சு. வளைவுகளின் உச்சி லேசாகக் கூராக இருக்கும். இரண்டு வளைவுகள் சேரும் இடத்தில், தூணுக்கு நேர் மேலே, ஒரு சின்ன வளைவுத் திறப்பு விட்டிருப்பார்கள். தென்மேற்குப் பக்கம் நின்று வளைவின் அடிப்பக்கத்தை அண்ணாந்து பாருங்கள். வட்டமும் நட்சத்திரமும் கட்டமுமாகச் சுதையில் வெட்டிய கோலங்கள், ஒரு வளைவில் இருப்பது அடுத்த வளைவில் இருக்காது. கூரைக்குக் கீழே குர்ஆன் வசனங்கள் கூஃபி என்ற பழைய அரபு எழுத்தில் செதுக்கிய மரப்பலகை சுற்றிச் சுற்றி ஓடும்.

இந்தச் செங்கல் தூண்களுக்குப் பின்னால் மக்ரீஸி போன்ற பழைய எகிப்திய வரலாற்றாசிரியர்கள் எழுதிவைத்த கதை ஒன்று உண்டு. எகிப்தை ஆண்ட அஹ்மத் இப்னு துலூன் நினைத்த அளவுக்குப் பள்ளி கட்ட 300 தூண்கள் வேண்டும், அவ்வளவு தூணுக்கு நாட்டிலுள்ள தேவாலயங்களைத்தான் கைவைக்க வேண்டும் என்று சொன்னார்களாம். அப்போது சிறையில் கிடந்த கிறிஸ்தவக் கட்டடக்காரர் ஒருவர், மிஹ்ராபுக்கு (கிப்லா சுவரிலுள்ள மாடம்) வேண்டியது தவிர ஒரு தூண்கூட இல்லாமல் கட்டித் தருகிறேன் என்று சொல்லியனுப்பி, தோலில் வரைந்தும் காட்டினாராம். உங்கள் கருத்து என்ன? அப்புறம், உங்களுக்குப் பிடித்த ரிவாக் எது, ஏன் என்றும் சொல்லுங்கள்.

கல்வெட்டுப்பித்தன்:

கதை அழகாக இருக்கிறது, ஆனால் எனக்கு நம்பிக்கை இல்லை. செங்கல் தூண் கெய்ரோவில் பிறந்த யோசனை அல்ல. இப்னு துலூன் வளர்ந்தது இராக்கில், சாமர்ராவில். அங்கே கல்லுக்குப் பஞ்சம், செங்கல்லுக்குப் பஞ்சமே இல்லை. சாமர்ராவுக்கு வடக்கே அபூ துலஃப் பள்ளியின் செங்கல் தூண்கள் இன்றும் வெட்டவெளியில் நிற்கின்றன, அது இப்னு துலூன் பள்ளிக்கு ஏறக்குறைய 15 வருடம் முந்தியது. வளர்ந்த ஊரில் பார்த்ததை ஆள வந்த ஊரில் கட்டினார், அவ்வளவுதான். சுருள் மினாராவும் அங்கிருந்து வந்ததே.

இன்னொன்றையும் நேராகச் சொல்லிவிடுகிறேன். தூண் தாழ்வாரம் சூழ்ந்த முற்றம் என்பது கிரேக்க, ரோமானிய நகரங்களில் இஸ்லாத்துக்குப் பல நூற்றாண்டுகள் முன்பே இருந்தது. டமாஸ்கஸ் உமய்யா பள்ளி நிற்பதே ஜூபிடர் கோயிலின் மதிலுக்குள். துனீசியாவின் கைரவான் பெரிய பள்ளியில் 400க்கும் மேற்பட்ட தூண்கள், பெரும்பாலும் கார்த்தேஜ் முதலிய பழைய ரோமானிய, பைசாந்தியக் கட்டடங்களிலிருந்து எடுத்து வந்தவை. ஒன்று வெள்ளைப் பளிங்கு, அடுத்தது கருங்கல், இன்னொன்று செந்நிறம். தூண்தலைகளில் கொரிந்திய இலை வேலை அப்படியே இருக்கிறது. அப்படியிருக்க இதில் இஸ்லாமியக் கட்டடக்கலை என்று தனியாக எதைச் சொல்வது?

காயல்நூர்:

திண்ணைக்காரன் காக்கா, நல்ல இழை.

கல்வெட்டுப்பித்தன் சொல்வதில் தூண்களைப் பற்றிய செய்தி சரி. ஆனால் வரலாற்றை டமாஸ்கஸில் தொடங்கினால் எப்படி? மதீனாவிலிருந்து தொடங்க வேண்டும். நபி (ஸல்) அவர்களின் பள்ளியில் பளிங்கும் இல்லை, ரோமானியத் தூணும் இல்லை. பச்சைச் செங்கல் சுவர், நடுவில் திறந்த வெளி, பேரீச்ச மரத்தண்டுகளை நட்டு மேலே ஓலை வேய்ந்த நிழல். முதலில் ஜெருசலேமை நோக்கித் தொழுததால் அந்த நிழல் வடக்குப் பக்கம் இருந்தது. கிப்லா மக்காவுக்கு மாறியதும் தெற்குப் பக்கம் புதிதாக நிழல் போட்டார்கள். வடக்கே இருந்ததை வீணாக்கவில்லை, வீடுவாசல் இல்லாத ஏழைத் தோழர்கள் தங்கினார்கள். அவர்களைத்தான் திண்ணைத் தோழர்கள் என்று நாம் சின்ன வயதிலிருந்து கேட்டு வளர்ந்திருக்கிறோம்.

கவனித்துப் பாருங்கள். கிப்லா பக்கம் ஒரு நிழல், எதிர்ப்பக்கம் ஒரு நிழல், நடுவில் வெட்டவெளி. ஒன்றில் தொழுகை, மற்றதில் தங்கலும் படிப்பும். இப்னு துலூனில் இருப்பது இதே அமைப்பு, பெரிய அளவில். தூணை எங்கிருந்து எடுத்தார்கள் என்பது இரண்டாவது கேள்வி. எதற்காக நிழல் போட்டார்கள் என்பதுதான் முதல் கேள்வி.

பாலம்கட்டி:

நான் ஷார்ஜாவில் சைட் இன்ஜினியர். வரலாற்றுக்குள் போகாமல் கட்டுமானம் மட்டும் பேசுகிறேன்.

வளைவு என்பது மேலே வருகிற பாரத்தைக் கீழே மட்டும் இறக்காது, இரண்டு பக்கமும் வெளியே தள்ளும். வரிசையாக வளைவுகள் நிற்கும்போது பக்கத்துப் பக்கத்து வளைவுகளின் தள்ளல் ஒன்றையொன்று சரிக்கட்டிவிடும், அதனால் நடுவில் இருக்கிற தூணுக்குச் செங்குத்துப் பாரம் மட்டும்தான். சிக்கல் கடைசித் தூணுக்கு. அதை யாரும் அந்தப் பக்கத்திலிருந்து தாங்கவில்லை. இதனால்தான் மூலைகளில் கனத்த கட்டுமானமோ முட்டுச் சுவரோ வைப்பார்கள். நடுத்தூண்களிலும் கட்டும்போது ஒரு பக்க வளைவு முடிந்து மறுபக்கம் முடியாமல் இருந்தால் ஆபத்து. நிலநடுக்கம் வந்தால் எல்லாமே ஆபத்து.

எடுத்து வந்த பளிங்குத் தூண்கள் மெலிசானவை, பக்கவாட்டுத் தள்ளலைத் தாங்காது. அதோடு ஒரே உயரமும் கிடையாது. குட்டைத் தூணுக்கு உயரமான பீடம், நெட்டைத் தூணுக்குச் சின்னப் பீடம், தூண்தலைக்கு மேல் தேவைக்கேற்ப ஒரு கல் என்று வைத்து மட்டம் பிடித்திருக்கிறார்கள். கைரவானில் வளைவு எழும்பும் மட்டத்தில் தூணுக்குத் தூண் மரக்கட்டை ஓடுவதைப் பார்க்கலாம், கெய்ரோவின் அம்ர் பள்ளியிலும் உண்டு. பார்க்கிறவர்கள் விளக்கு மாட்டும் கட்டை என்று நினைப்பார்கள். விளக்கும் மாட்டினார்கள்தான், ஆனால் அது இல்லாவிட்டால் தூண்கள் விலகிக்கொள்ளும். உஸ்மானியத் துருக்கியர்கள் அதே இடத்தில் இரும்புக் கம்பி போட்டார்கள், இஸ்தான்புல்லின் சுலைமானிய்யா முற்றத்தில் ஒவ்வொரு வளைவிலும் அந்த டை ராட் பளிச்சென்று தெரியும்.

ஸ்பெயினின் கோர்தோபாவில் 780களில் கட்டியவர்கள் வேறு வழி பிடித்தார்கள். தூண் குட்டை, கூரை உயரமாக வேண்டும். தூண்தலைக்கு மேல் கல்லில் ஒரு தூணை எழுப்பி, கூரையைத் தாங்க மேலே ஒரு வளைவு, நடுவில் தூண்களைப் பிடித்துக்கொள்ள அந்தரத்தில் இன்னொரு வளைவு. கீழ் வளைவு கூரையைத் தாங்கவே இல்லை. மரக்கட்டை செய்ய வேண்டிய வேலையைச் செங்கல்லும் கல்லும் மாற்றி மாற்றி வைத்த வளைவு செய்கிறது. சிவப்பும் வெள்ளையுமாக எல்லோரும் படம் எடுக்கிற அழகு அங்கிருந்து வந்தது.

இப்னு துலூனுக்கு வருகிறேன். செங்கல் தூண் அவ்வளவு கனமாக இருக்கும்போது இழுத்துப் பிடிக்கக் கட்டையே தேவையில்லை. தூண்களுக்கு மேலே விட்ட அந்தச் சின்னத் திறப்பு பாரத்தைக் குறைக்கிறது, செங்கல்லையும் மிச்சம் பிடிக்கிறது. சிறையிலிருந்தவர் உண்மையோ கற்பனையோ, இதை வரைந்தவருக்குத் தொழில் தெரியும்.

மீனா_கட்டடம்:

நான் கட்டடக்கலை மாணவி. இழையைப் படித்துவிட்டு ஒரு விஷயத்தைச் சரிபார்க்கலாம் என்று சூரியக் கோணம் போட்டுப் பார்த்தேன், எனக்கே ஆச்சரியமாக இருந்தது.

கெய்ரோவுக்கு மக்கா தென்கிழக்கில் இருக்கிறது. அதனால் கிப்லா சுவர் தென்கிழக்கில், தொழுகைப் பகுதி முற்றத்தைப் பார்த்துத் திறப்பது வடமேற்கில். கோடைக்கால நண்பகலில் கெய்ரோவில் சூரியன் ஏறக்குறைய 83 டிகிரி உயரத்தில் நிற்கும், குளிர்காலத்தில் 36 டிகிரிக்குக் கொஞ்சம் மேல். இரண்டு நேரத்திலும் சூரியன் தெற்கே. ஆக லுஹர் (நண்பகல் தொழுகை) நேரத்தில் நேரடி வெயில் தொழுகைப் பகுதிக்குள் வருவதே இல்லை, வருடம் முழுக்க! டமாஸ்கஸில் கிப்லா தெற்கு, கூடம் வடக்கே திறக்கிறது. இஸ்தான்புல்லிலும் முகப்பு வடக்கைப் பார்த்தபடிதான். வட ஆப்பிரிக்காவிலிருந்து துருக்கி வரை கிப்லாவின் திசையும் நிழலின் திசையும் இப்படி ஒத்துப்போயிருக்கிறது. யாரும் திட்டமிட்டதில்லை, மக்கா அவர்களுக்குத் தெற்குப் பக்கமாக இருந்ததால் கிடைத்த வசதி. ஏமனின் சனாவில் கிப்லா வடக்கே என்பதால் நிலைமை தலைகீழ்.

அஸருக்கு (பிற்பகல் தொழுகை) மட்டும் கெய்ரோவில் மேற்கு வெயில் சாய்ந்து உள்ளே வரும். அங்கேதான் ஐந்து வரிசை ஆழம் உதவுகிறது, முதல் வரிசையோ இரண்டாவதோ வெயிலை வாங்கிக்கொண்டால் உள்ளே இருப்பவர்களுக்கு நிழல். எதிர்ப்பக்கத்து ரிவாக் குளிர்காலத்தில் வெயில் காய்கிற இடம். நான்கு பக்கமும் தாழ்வாரம் இருந்தால் எந்த நேரமும் ஏதோ ஒரு பக்கம் உட்காரத் தோதாக இருக்கும்.

பாலம்கட்டி சார், ஒரு சந்தேகம். சில பள்ளிகளில் வளைவு வரிசைகள் கிப்லா சுவருக்கு இணையாக ஓடுகின்றன, சிலவற்றில் அதை நோக்கி ஓடுகின்றன. இதற்குக் கட்டுமானக் காரணம் உண்டா?

பாலம்கட்டி:

இருக்கிறது மீனா, ஆனால் அது மட்டுமே இல்லை. கிப்லாவை நோக்கி ஓடினால், கைரவானிலும் கோர்தோபாவிலும் இருப்பது போல, வளைவுகளின் தள்ளலைக் கடைசியில் கிப்லா சுவரே வாங்கிக்கொள்ளும், சுவர் முட்டாகிவிடும். கோர்தோபாவில் இன்னொரு வசதியும் கிடைத்தது. மறுபடி மறுபடி பள்ளியை விரிவாக்கியபோது கிப்லா சுவரை உடைத்து அதே வரிசைகளைத் தெற்கே நீட்டிக்கொண்டே போனார்கள். டமாஸ்கஸிலும் இப்னு துலூனிலும் இணையாக ஓடுகின்றன, தள்ளல் பக்கச் சுவர்களுக்குப் போகிறது. தொழுகிறவர்களுக்கு எது நல்லது என்று நூர் காக்காதான் சொல்ல வேண்டும்.

காயல்நூர்:

இணையாக ஓடுவதுதான் வசதி. ஸஃப்பு, அதாவது தொழுகை வரிசை, முறியாது. தூண்களுக்கு நடுவே வரிசை கட்டுவதை நாங்கள் தவிர்த்து வந்தோம் என்று நபித்தோழர் அனஸ் (ரலி) அவர்களின் அறிவிப்பு இருக்கிறது, நெரிசலானால் பரவாயில்லை என்பார்கள் ஆலிம்கள். வளைவு வரிசை கிப்லா சுவருக்கு இணையாக இருந்தால் இரண்டு தூண் வரிசைகளுக்கு நடுவே நீளமாக, ஒரு தடங்கலும் இல்லாமல் பல ஸஃப்புகள் நிற்கலாம். மற்ற மாதிரியில் ஒவ்வொரு ஸஃப்பையும் தூண் வரிசைகள் வெட்டிக்கொண்டே போகும்.

துருக்கியில் தொழுதவர்கள் இன்னொன்றைப் பார்த்திருப்பீர்கள். பெரிய கதவுக்கு வெளியே, முகப்புத் தாழ்வாரத்தில், சுவரில் சின்னதாக மிஹ்ராப் மாடம் வைத்திருப்பார்கள். ஜமாஅத் (கூட்டுத் தொழுகை) முடிந்த பிறகு வந்து சேர்கிறவர்கள் அங்கேயே தொழுதுகொள்ளத்தான். இஸ்தான்புல் ருஸ்தம் பாஷா பள்ளியில் உஸ்மானியக் கட்டடக் கலைஞர் சினான் அந்தத் தாழ்வாரத்தை இரட்டையாகவே போட்டிருக்கிறார். கீழே கடைத்தெரு, வியாபாரத்தை விட்டுவிட்டு ஓடி வருகிறவர்கள் அதிகம். நம் பக்கத்தில் உள்பள்ளி, வெளிப்பள்ளி என்று பிரித்து வைத்திருப்பதும் இதே தேவைக்கு. காயல்பட்டினம், கீழக்கரைப் பழைய பள்ளிகளில் வளைவே இல்லாமல் கல் தூணும் தட்டைக் கல் கூரையுமாக மண்டபம் மாதிரியே கட்டியிருக்கிறார்கள், ஆனால் வெளிப்பள்ளி உண்டு.

திண்ணைக்காரன்:

எல்லோருக்கும் நன்றி. மீனா போட்ட கணக்கு இந்த இழைக்குக் கிடைத்த பெரிய வரவு.

ரிவாக்கில் என்ன நடந்தது என்பதற்கு இப்னு துலூனிலேயே சான்று இருக்கிறது. 1183ல் எகிப்து வழியாக ஹஜ்ஜுக்குப் போன பயணி இப்னு ஜுபைர், சுல்தான் சலாஹுத்தீன் இந்தப் பள்ளியை மக்ரிபிலிருந்து (வடமேற்கு ஆப்பிரிக்கா) வரும் வெளியூர்க்காரர்கள் தங்கவும் பாடம் கேட்கவும் ஒதுக்கி, மாதாமாதம் பணமும் கொடுத்தார் என்று எழுதுகிறார். பிறகு பள்ளி கவனிப்பாரற்றுப் போனது. 1293ல் சுல்தான் அல்-அஷ்ரஃப் கலீலைக் கொன்ற சதியில் பங்குபெற்ற லாஜின் என்ற அமீர் (படைத்தலைவர்), ஆளில்லாமல் கிடந்த இந்தத் தாழ்வாரங்களில்தான் ஒளிந்திருந்தார். உயிர் தப்பினால் இதைப் புதுப்பிப்பேன் என்று நேர்ந்துகொண்டார், 1296ல் அவரே சுல்தானாகி அதைச் செய்தும் காட்டினார். முற்றத்தின் நடுவே இன்று நிற்கிற குவிமாடம் அவர் கட்டியது. 19ஆம் நூற்றாண்டில் ராணுவ மருத்துவமனையாகவும் ஆதரவற்றோர் விடுதியாகவும் ஆக்கி, வளைவுகளைச் சுவர் வைத்து அடைத்திருந்தார்கள். அந்தச் சுவர்களையெல்லாம் எடுத்த பிறகுதான் நாம் இப்போது பார்க்கிற காட்சி.

அல்-அஸ்ஹர் இன்னும் பெரிய உதாரணம். அங்கே ஊர்வாரியாக மாணவர்களுக்கு ரிவாக்குகள் இருந்தன. சிரியர்களுக்கு ஒன்று, மக்ரிபிகளுக்கு ஒன்று, துருக்கியருக்கு ஒன்று, ஜாவாக்காரர்களுக்கும் இந்தியர்களுக்கும்கூடத் தனித்தனியாக. ஒவ்வொன்றுக்கும் ஒரு ஷைக், வக்ஃப் அறக்கொடையிலிருந்து தினப்படி ரொட்டி, புத்தக அலமாரி. நெப்போலியன் படையெடுப்பைக் கண்ணால் கண்டு எழுதிய வரலாற்றாசிரியர் அல்-ஜபர்த்தியின் குடும்பம், எத்தியோப்பியப் பகுதி மாணவர்களின் ரிவாக்குக்குத் தலைமுறை தலைமுறையாகத் தலைமை வகித்தது. கண் தெரியாத மாணவர்களுக்கும் தனி இடம் இருந்தது. பகலில் ஆசிரியர் ஒரு தூணில் சாய்ந்து உட்காருவார், சுற்றி வட்டமாக மாணவர்கள். எந்தத் தூண் யாருடையது என்பது ஊருக்கே தெரியும். தேர்வும் கட்டணமும் வகுப்பறையும் இல்லாமல் பல நூற்றாண்டுகள் ஒரு பெரிய கல்விக்கூடம் நடந்ததற்கு அந்தத் தாழ்வாரங்கள்தான் காரணம் என்று நான் உறுதியாக நம்புகிறேன். யாரும் வரலாம், ஓரமாக உட்கார்ந்து கேட்கலாம், புரியாவிட்டால் அடுத்த தூணுக்குப் போகலாம்.

கல்வெட்டுப்பித்தன்:

தூணடியில் பாடம் நடத்துவதும் பழையதே, ஏதென்ஸில் ஸீனோ தூண் தாழ்வாரத்தில் நின்றுதான் தத்துவம் சொன்னார். என் கேள்வி இன்னும் அப்படியே இருக்கிறது.

ஆனால் டமாஸ்கஸ் ரிவாக்கைப் பற்றி எழுதாமல் விட மனமில்லை. கலீஃபா அல்-வலீத் காலத்தில், 706லிருந்து 715க்குள் கட்டியது. கனத்த தூண் ஒன்று, மெல்லிய தூண்கள் இரண்டு, மறுபடி கனத்தது ஒன்று என்ற தாளத்தில் போகும். மேலே இன்னொரு அடுக்கு, பெரிய வளைவு ஒவ்வொன்றுக்கும் மேல் இரண்டிரண்டு சின்ன வளைவுகள். மேற்குத் தாழ்வாரத்தின் உள்சுவரில் 30 மீட்டருக்கு மேல் நீளமான கண்ணாடித்துண்டு ஓவியம். கீழே ஆறு ஓடுகிறது, கரையில் பெரிய பெரிய மரங்கள், மரங்களுக்கு நடுவே மாளிகைகளும் சின்னச் சின்ன வீடுகளும், பின்னால் முழுக்கப் பொன். ஒரு மனிதனோ விலங்கோ கிடையாது. டமாஸ்கஸின் பரதா ஆறு என்பார் சிலர், சொர்க்கம் என்பார் சிலர். பல காலம் சாந்துப் பூச்சுக்குள் மறைந்திருந்து 1920களின் கடைசியில்தான் வெளியே வந்தது. 1893 தீவிபத்தில் தொழுகைக் கூடம் பெரிதாகச் சேதமானது, தாழ்வாரத்துச் சுவர் பிழைத்தது. பைசாந்தியக் கைத்திறன், ரோமானியத் தூண்தலை, எல்லாம் சேர்ந்து இவ்வளவு அமைதியான ஒன்றை எப்படிக் கொடுத்தது என்று எனக்கு ஒவ்வொரு முறை படத்தைப் பார்க்கும்போதும் மலைப்பாக இருக்கும்.

திண்ணைக்காரன்:

உங்கள் கேள்விக்கு என் பதில் இதுதான். கிரேக்கத் தாழ்வாரம் சந்தையைப் பார்த்து, ஊரைப் பார்த்து நிற்கும். ரிவாக் ஊருக்கு முதுகைக் காட்டி முற்றத்தைப் பார்க்கும். ரோமானியக் கோயில் முற்றத்தில் தாழ்வாரங்கள் நடுவில் நிற்கிற கோயிலுக்குச் சுற்றுச்சட்டம். பள்ளிவாசலில் நடுவே அப்படி எதுவும் இல்லை! கோயிலை எடுத்துவிட்டுச் சட்டத்தை மட்டும் வைத்துக்கொண்டு, அந்தச் சட்டத்தின் ஒரு பக்கத்தைத் தடிமனாக்கி அதிலேயே தொழுதார்கள். தூண் ரோமில் பிறந்திருக்கலாம். இரண்டு வரிசைக்கு எதிராக ஐந்து வரிசை என்ற அந்த ஏற்றத்தாழ்வு பள்ளிவாசலுக்கே உரியது. கதவில் நுழைந்ததும் எந்தப் பக்கம் ஆழமாக இருக்கிறதோ அதுதான் கிப்லா என்று கேட்காமலே தெரிந்துவிடும்.

கல்வெட்டுப்பித்தன்:

நடுவில் எதுவும் இல்லை என்ற புள்ளியை ஏற்றுக்கொள்கிறேன், அது வலுவான வாதம். தூண்களின் பூர்வீகத்தையும் சேர்த்தே பேச வேண்டும் என்பதில் மட்டும் நான் மாறவில்லை. கைரவான் முற்றத்துக் கிணறுகளின் வாய்க்கல்லைப் பாருங்கள், பழைய ரோமானியத் தூண் பீடங்களைக் குடைந்து வைத்தது. கயிறு இழுத்து இழுத்து விளிம்பெல்லாம் ஆழமான பள்ளங்கள். முற்றத்துத் தரை முழுக்க ஒரு புள்ளியை நோக்கிச் சரிந்திருக்கும். அங்கே படிப்படியாக இறங்குகிற பளிங்குத் தொட்டி, மழைநீரிலுள்ள தூசு அந்தப் படிகளில் தங்கிவிடும், தெளிந்த நீர் கீழே நிலத்தடித் தொட்டிக்குப் போகும். முற்றமும் தாழ்வாரக் கூரையும் சேர்ந்து ஊருக்கே தண்ணீர் பிடித்துக் கொடுத்தன.

வண்டிப்பாதை:

எல்லாம் படித்தேன். மக்காவின் ஹரம் ஷரீஃபின் உஸ்மானிய ரிவாக்கைப் பற்றி யாரும் இன்னும் பேசவில்லையே. நான் முதல் முறை உம்ரா போனபோது கஅபாவுக்குப் பின்னால் அந்தச் சின்னச் சின்னக் குவிமாட வரிசையைத்தான் முதலில் பார்த்தேன், பிறகு போனபோது இல்லை. இரண்டாம் சலீம் காலத்தில் 1571ல் ஆரம்பித்து மூன்றாம் முராத் காலத்தில் முடித்த வேலை அது. அதுவரை மரக்கூரைதான், கரையானும் தீயும் பயம். கஅபாவைச் சுற்றி வலம் வரும் இடமான மதாஃபை விரிவாக்கும்போது கழற்றி, பழுது பார்த்து, ஒரு பகுதியைத் திரும்ப நிறுத்தியிருக்கிறார்கள். எனக்கு மனசு ஆறவில்லை. 400 வருடத்துக்கு மேல் ஹாஜிகள் நிழலுக்கு ஒதுங்கிய இடம்.

பாலம்கட்டி:

வருத்தம் புரிகிறது அண்ணே. ஆனால் அந்த ரிவாக் கட்டியபோது ஹஜ்ஜுக்கு வந்த கூட்டம் எவ்வளவு, இப்போது எவ்வளவு? இப்போது வருடத்துக்கு இருபது லட்சம் பேர் வரை போகிறார்கள். தவாஃப் சுற்றுகிற கூட்டம் தூண் வரிசையில் முட்டினால் நெரிசலில் உயிர் போகும். கூட்டம் நகர்வதைப் பற்றிக் கொஞ்சமாவது வேலை செய்தவன் என்ற முறையில், நடுவில் தூண் வேண்டாம் என்றுதான் நானும் சொல்லியிருப்பேன்.

காயல்நூர்:

உயிர்தான் முதலில், அதில் மறுபேச்சு இல்லை. ஆனாலும் அந்த உஸ்மானியர்கள் செய்ததைக் கொஞ்சம் பாருங்கள். பழைய பளிங்குத் தூண்கள் குவிமாடங்களின் பாரத்தைத் தாங்காது என்று தெரிந்ததும் அவற்றைத் தூக்கி எறியவில்லை. மக்கா பக்கத்து ஷுமைஸி மஞ்சள் கல்லில் கனத்த தூண்களை இடையிடையே நிறுத்தி, பளிங்குத் தூண்களையும் அதே வரிசையில் வைத்துக்கொண்டார்கள். டமாஸ்கஸ் தாளத்துக்கு அண்ணன் தம்பி மாதிரி. அப்பாஸிய கலீஃபா அல்-மஹ்தி எட்டாம் நூற்றாண்டில் வரவழைத்த தூண்களும் அவற்றில் உண்டு. 1955ல் தொடங்கிய விரிவாக்கத்திலும் பழைய ரிவாக்கின் பெரும்பகுதியை முன்னால் விட்டுவிட்டுப் பின்னால்தான் கட்டினார்கள். முன்பு வந்தவர்கள் ஒரு தலைமுறையின் வேலையை அடுத்த தலைமுறையோடு சேர்த்துவைத்தார்கள். அந்தப் பொறுமை இன்னும் கொஞ்சம் இருந்திருக்கலாம் என்பதுதான் என் வருத்தம்.

வண்டிப்பாதை:

அதேதான் காக்கா. சரி, இதோடு தொடர்புள்ள ஒரு நடைமுறைக் கேள்வி. எங்கள் ஊர்ப் பள்ளியைப் பெரிதாக்கப் போகிறோம், நிர்வாகக் கமிட்டியில் நானும் இருக்கிறேன். முன்னால் தூண் வைத்த தாழ்வாரம் இருக்கிறது. அதைக் கண்ணாடி போட்டு அடைத்து முழுக்க ஏசி கூடமாக்கிவிடலாம் என்று பாதிப் பேர் சொல்கிறார்கள். ரமளானிலும் ஜும்ஆவிலும் இடம் போதவில்லை என்பதும் உண்மைதான். நீங்களெல்லாம் என்ன சொல்வீர்கள்?

காயல்நூர்:

அடைக்காதீர்கள். லுஹருக்கு முன்னால் வந்து உட்காரும் பெரியவர்கள், ஜமாஅத் தவறி வருகிறவர்கள், மதரஸா பிள்ளைகள், வழிப்போக்கர்கள், இவர்கள் எல்லோருக்கும் அந்த இடம்தான். ஏசி கூடத்தைத் தொழுகை முடிந்ததும் கரண்ட் செலவுக்குப் பயந்து பூட்டுவார்கள், எந்த ஊரிலும் நடப்பது இது. தாழ்வாரமும் கூடத்தோடு சேர்ந்துவிட்டால் அன்றாடம் இரண்டு தொழுகைக்கு நடுவே யாரும் உட்கார இடமிருக்காது.

பாலம்கட்டி:

கூட்டம் அதிகமாகும் நாட்களுக்குக் கூடத்துக்கும் தாழ்வாரத்துக்கும் நடுவில் மடக்குக் கதவு வையுங்கள். சாதாரண நாளில் மூடி ஏசி போடலாம், ஜும்ஆவுக்குத் திறந்துவிட்டால் ஸஃப்பு தொடர்ச்சியாக வெளியே வரும். தூண் இடைவெளியை அகலமாக வைத்தால் போதும், கான்கிரீட்டில் அது சிரமமே இல்லை. வளைவு வேண்டும் என்று ஆசைப்பட்டால் அளவாக வையுங்கள், பீமுக்குக் கீழே வளைவு மாதிரிப் பூச்சு பூசுவதற்குப் பதிலாக நேர் பீமை நேராகவே விடுவது நல்லது.

மீனா_கட்டடம்:

நம் ஊரில் கிப்லா மேற்கே, கொஞ்சம் வடக்குச் சாய்வு. அதனால் முகப்பு கிழக்கே திறக்கும். அஸர் வெயில் கிப்லா சுவருக்குப் பின்னால் போய்விடும், தாழ்வாரத்தில் நிழல் இருக்கும். காலை வெயில் மட்டும்தான் முன்னால் விழும், அதற்கு மூன்று மீட்டர் ஆழமும் தணிந்த விளிம்பும் இருந்தால் ஒன்பது பத்து மணிக்கு மேல் பிரச்சனை வராது. கவனிக்க வேண்டியது வடகிழக்குப் பருவமழைச் சாரல், அது நேராக முகப்பில்தான் அடிக்கும். பழைய தாழ்வாரத்தின் ஆழம், உயரம், தூண் இடைவெளி மூன்றையும் அளந்து, கிப்லா கோணத்தோடு அனுப்புங்கள் அண்ணா. வெயில் எதுவரை வரும், சாரல் எதுவரை வரும் என்று குறுக்குவெட்டு வரைந்து தருகிறேன், கமிட்டியில் காட்டலாம்.

வண்டிப்பாதை:

வெள்ளிக்கிழமை ஜும்ஆவுக்குப் பிறகு கமிட்டி கூடுகிறது. நாளை டேப் எடுத்துப்போய் அளந்து தனிமடலில் அனுப்பிவிடுகிறேன். மடக்குக் கதவுக்கு எத்தனை தூண் இடைவெளி, ஒரு இடைவெளிக்கு எவ்வளவு செலவு என்று பாலம்கட்டி அண்ணன் சுமாராகச் சொன்னால் அதையும் சேர்த்து வைத்துப் பேசுவேன்.